திரும்பி வந்தவரை ஊர் அறியுமா?

திருச்சி கே.கே. நகருக்கு அருகே உள்ள கொட்டப்பட்டு முகாம், பர்மாவிலிருந்தும் இலங்கையிலிருந்தும் வந்த தமிழர் தங்கிய இடம். 'தாயகம் திரும்பியோர்' என்று அரசு ஆவணங்கள் அவர்களுக்குப் பெயரிட்டன. அப்பெயரையும், திரும்பி வந்தோரைப் பற்றி நம் கலையுலகம் சொன்ன கதையையும் இங்கே எடைபோட்டுப் பார்ப்போம்.

1952-இல் வெளிவந்த 'பராசக்தி'யை அதன் வசனத்துக்காகவும், சிவாஜி கணேசனின் முதற்படம் என்பதற்காகவும் நாம் நினைவில் வைத்துள்ளோம். ஆனால், தாயகம் வந்தவன் அயலானாகும் துயரமே அதன் அடித்தளம். போர்க்காலத்தில் இரங்கூனிலிருந்து வரும் குணசேகரன் சென்னையில் உடைமைகளைப் பறிகொடுக்கிறான். மதுரையில் தங்கையைக் கண்ட பின்னும் தன்னை யாரென்று சொல்லாது பித்தனாக நடிக்கிறான். உடன்பிறந்தவள் முன்பே வேடம் புனைய வேண்டிய அவலத்தைப் படம் கூர்மையாகக் காட்டுகிறது. எனினும், இறுதியில் குடும்பம் ஒன்றுசேர்ந்ததும் அந்த அயன்மையும் தீர்ந்துவிடுகிறது. இங்கேதான் நமக்கு நிறைவில்லை.

மலையகத் தமிழருக்கு அத்தகைய முடிவு வாய்க்கவில்லை. 1964 அக்டோபர் 30-இல் சாஸ்திரியும் சிறிமாவோவும் செய்துகொண்ட உடன்படிக்கை, 5,25,000 பேரை இந்தியா ஏற்க வகைசெய்தது. அம்மக்களின் விருப்பத்தைக் கேளாமலே எண்ணிக்கை முடிவாயிற்று. அவர்களுள் மிகப் பலர் தோட்டத்து லயங்களில் பிறந்தவர்கள். பாட்டனார் புறப்பட்ட ஊரைப் பெயரளவில் மட்டும் அறிந்தவர்கள். முன்பு கண்டிராத மண்ணுக்கு வருவதைத் 'திரும்புதல்' என்பது எங்ஙனம் பொருந்தும்? அங்கே 'கள்ளத்தோணி' என்று இகழப்பட்டவர்கள், இங்கே 'சிலோன்காரர்' ஆனார்கள். நீலகிரியின் அரசுத் தேயிலைத் தோட்டங்கள் சிலருக்கு வேலை தந்தன, வேலை உறவாகிவிடாது. தேடிச் செல்லத் தங்கையும் நுழைய ஒரு வீடும் இல்லாதவரின் கதை, 'பராசக்தி'யின் சட்டகத்துள் அடங்குவதன்று.

விவிலியத்தின் ரூத்து நூல் இவ்வகையில் உண்மைக்கு நெருக்கமானது. பஞ்சத்தால் மோவாபு சென்ற நகோமி, கணவரையும் இரு மைந்தரையும் இழந்து பெத்லகேம் திரும்புகிறார். ஊர்ப் பெண்கள் அவர்தானா என்று வியக்க, அவரோ தம் பழைய பெயரையே மறுக்கிறார். அந்தக் கசப்பை நூலாசிரியர் மறைக்கவில்லை. உடனே ஆற்றிவிடவும் இல்லை. உடன்வந்த மோவாபிய மருமகளின் உழைப்பும், அவள் கதிர் பொறுக்க வயலைத் திறந்துவிட்ட போவாசின் நேர்மையுமே காலப்போக்கில் அதைத் தணித்தன.

இன்றும் வளைகுடாவிலிருந்தும் சிங்கப்பூரிலிருந்தும் பலர் நம் தெருக்களுக்கு வருகின்றனர். "மறுபடி எப்போது பயணம்?" என்பதே நம் முதற்கேள்வி. தாம் விருந்தினர் என்பதை அக்கேள்வியிலேயே அவர்கள் உணர்ந்துகொள்கின்றனர். வந்தவரை ஊரார் ஆக்கும் பொறுப்பு, ஊரில் இருப்போராகிய நம்முடையது அன்றோ?