முதலில் காது

கனடாவின் ஆவணப்பட இயக்குநர் அலானிஸ் ஒபாம்சாவினின் ரசிகர்கள் நாலு பேர் கூடினால் பேச்சு 'கானசடாகே'வில்தான் போய் நிற்கும். கோல்ஃப் மைதானத்தை நீட்டுவதற்காகத் தங்கள் பைன் தோப்பில் கைவைக்கப் பார்த்தபோது, 1990இல் மோஹாக் பழங்குடி மக்கள் 78 நாள் அசையாமல் நின்றார்களே, அந்தப் படம். அதன் பெருமையை நான் மறுக்கவில்லை. ஆனால் ஐம்பதுக்கும் மேற்பட்ட அவருடைய படங்களில் ஒன்றைத்தான் வைத்துக்கொள்ளலாம் என்றால், என் கை போவது 1971இல் வந்த முதல் படத்துக்கு. 'கிறிஸ்துமஸ் அட் மூஸ் ஃபேக்டரி'. மொத்தமே 13 நிமிடம்.

ஜேம்ஸ் விரிகுடாப் பக்கம் உறைவிடப் பள்ளியில் இருந்த கிரீ பழங்குடிப் பிள்ளைகள் கிரேயானில் வரைந்த படங்கள். அவர்களே சொல்லும் கிறிஸ்துமஸ் கதைகள். வேறொன்றும் கிடையாது. பிள்ளைகளை வீட்டிலிருந்து பிரித்து, அவர்கள் மொழியை மறக்கடிக்க நடத்திய பள்ளிகளில் ஒன்று அது. அந்தக் கூரைக்குள் போய் உட்கார்ந்து, ஊர்க்கதை சொல்லுங்கள் என்று கேட்டிருக்கிறார் ஒபாம்சாவின். கேமரா அந்தத் தாள்களின் மேல் மெல்ல நகர்கிறது. குரல் தயங்குகிற இடத்தில் யாரும் அவசரப்படுத்துவதில்லை. முதல் தடவை படங்களைப் பார்த்தேன். இரண்டாம் தடவை கண்ணை மூடிக்கொண்டு கேட்டேன். படம் கொஞ்சமும் குறையவில்லை.

அவர் பாடகியாக இருந்து படத்துக்கு வந்தவர் என்பதை மறந்துவிடக் கூடாது. ஓர் ஊருக்குப் போனால் முதலில் படப்பிடிப்புக் குழு கிடையாது. ஒலிப்பதிவுக் கருவியோடு தனியாகப் போவார். மணிக்கணக்கில் கேட்பார். கேமரா பிறகுதான் வரும். அபெனாகிப் பழங்குடியினரின் ஊரான ஒடானக்கில் கதை கேட்டு வளர்ந்தவருக்கு இது வேலைமுறையாகப் பட்டிருக்காது; பெரியவர்கள் முன்னால் உட்காரும் முறை, அவ்வளவுதான்.

என் நண்பர் ஒருவருக்கு, இனூயிட் மக்களை ஃபிளாஹெர்ட்டி படமாக்கிய 'நானூக்'தான் உச்சம். பனிவீட்டுச் சுவரை அறுத்து, தெளிந்த பனிக்கட்டியை ஜன்னலாகப் பதிக்கும் காட்சியை அவர் வர்ணிக்கும்போது எனக்கும் ஆசை வரும். கண்ணுக்கு அது விருந்துதான். ஆனால் நானூக்காக வந்தவரின் சொந்தப் பெயர் அல்லாகாரியல்லாக். துப்பாக்கி புழங்கிய காலத்தில் ஃபிளாஹெர்ட்டியின் கேமராவுக்காக ஈட்டி பிடித்தவர். 1922 மௌனப்படக் காலம் என்று நண்பர் சொல்வது சரியே. இருந்தாலும் அந்த மனிதர் என்ன பேசினார் என்று நமக்குத் தெரியாமலே போய்விட்டது. அவருக்காக எழுத்து அட்டைகள் பேசின. ஒரு சமூகத்தின் கைவேலையைப் பிலிமில் வைத்துவிட்டு அதன் பேச்சை விட்டுவிட்டால், எதைக் காப்பாற்றியதாகச் சொல்வது?

ஒலி வசதி பெருகியிருக்கும் இந்தக் காலத்துக்கு அந்தச் சாக்கும் இல்லை. இப்போதெல்லாம் பழங்குடி என்றாலே ட்ரோன் மலைமேல் ஏறிவிடுகிறது. கூடவே ஒரு புல்லாங்குழல். சில வருடங்களுக்கு முன் ஒரு திரையிடலில் மலைக்கிராமம் ஒன்றைப் பற்றிய படம் பார்த்தேன். அடுப்படியில் உட்கார்ந்திருந்த பாட்டி ஒருவர், தொண்டையைச் செருமிக்கொண்டு ஒரு பாட்டை எடுத்தார். கரகரத்த குரல், ஆனால் தாளம் பிசகவில்லை. நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். இரண்டாவது அடி முடிவதற்குள் பின்னணி இசை எழுந்தது. அதன்மேல் ஒருவர் அழிந்துவரும் கலைகளைப் பற்றிப் பேச ஆரம்பித்தார். பாட்டியின் வாய் மட்டும் திரையில் அசைந்துகொண்டிருந்தது.