உற்பத்திச் சாதனம் எவர் கையில்? – ‘மேக்கர்ஸ்’ நூல் பற்றிய ஒரு நோக்கு

கணினியில் வரைந்த வடிவத்தைப் பொருளாக்கித் தரும் சிறு இயந்திரங்கள் வீட்டு மேசையை அடைந்தமை புதியதொரு கைத்தொழிற் புரட்சி என வாதிடுவது, கிறிஸ் அன்டர்சன் 2012இல் வெளியிட்ட ‘மேக்கர்ஸ்’. அவர் அமெரிக்காவின் ‘வயர்ட்’ சஞ்சிகைக்கு ஆசிரியராயிருந்தவர். நூலின் மையக் கருத்துக்கான சொல்லை அவர் மார்க்சிடமே இரவல் வாங்கியிருப்பது சுவையானது: உற்பத்திச் சாதனங்கள் சாதாரண மனிதனின் கைக்கு வந்துவிட்டனவாம்.

நூல் ஆசிரியரின் பாட்டனார் கதையுடன் தொடங்குகிறது. சுவிற்சர்லாந்திலிருந்து அமெரிக்காவில் குடியேறிய அவர், புல்வெளிக்கு நீர் தெளிக்கும் தானியங்கிக் கருவியொன்றைக் கண்டுபிடித்தார். அதனைத் தாமே உற்பத்தி செய்ய வழியின்மையால் உரிமத்தை ஒரு கம்பனிக்கு வழங்க நேர்ந்தது. இன்று வாழ்ந்திருப்பின் அவரே உற்பத்தியாளராகியிருப்பார் என்கிறார் பேரன். கதை உருக்கமானது, முடிபோ அவசரமானது. ஏனெனில், தமக்கு வேண்டிய மின்மோட்டார்களைச் சீனத் தொழிற்சாலையொன்றிலிருந்து இணையவழி தருவித்ததையும் அவர் அதே நூலிலே பெருமிதத்துடன் விபரிக்கிறார். அம்மோட்டார்களைச் செய்தவர்களுக்கு இப்புரட்சியில் இடம் யாது?

ஹாகிரீவ்சின் ‘ஜெனி’ நூற்பொறியையும் அவர் முன்னுதாரணமாகக் கொள்கிறார். ஜெனி முதலிற் குடிசைக்குள் நுழைந்ததென்பது உண்மையே. ஆயினும் பொறி நெசவாளன் வீட்டில் இருந்த காலத்திலும், பஞ்சைக் கொடுத்தவனும் நூலைக் கொண்டவனும் பெரும்பாலும் வணிகனே. 1771இல் ஆர்க்ரைற் குரொம்போட்டில் ஆலை அமைத்தபின் குடிசையின் கதி என்னவாயிற்று என்பதை வரலாற்று மாணவர் அறிவர். கருவியைச் சொந்தமாக வைத்திருப்பதும் உற்பத்தியைக் கட்டுப்படுத்துவதும் ஒன்றல்ல. இவ்வேறுபாட்டினை நூல் எதிர்கொள்ளவில்லை.

அன்டர்சன் வியந்து போற்றும் மேக்கர்பொட் நிறுவனத்தின் வரலாறே இதற்குச் சான்று. பாத் பல்கலைக்கழகத்தின் ஏட்றியன் போயர் 2005இல் தொடக்கிய ‘றெப்ராப்’ திட்டம், தன் பிளாத்திக்கு உறுப்புகள் பலவற்றைத் தானே அச்சிடும் இயந்திரத்தின் வடிவமைப்பை எவரும் பயன்படுத்தலாமென வழங்கியது. (மோட்டாரையும் இலத்திரனியற் சுற்றையும் அது அச்சிடவில்லை என்பது ஈண்டு மனங்கொள்ளத்தக்கது.) உருக்கிப் படிவிக்கும் முறைமீதான முக்கிய காப்புரிமை 2009இல் காலாவதியாக, அதே ஆண்டில் இப்பொதுச் சொத்தின்மீது மேக்கர்பொட் எழுந்தது. ஆர்வலர் பலர் ஊதியமின்றி அதனைத் திருத்தினர். 2012இல் நிறுவனம் தன் புதிய இயந்திரத்தின் வடிவமைப்பை மூடிக்கொண்டது. 2013இல் ஏறத்தாழ 403 மில்லியன் டொலருக்கு ஸ்ட்ரட்டாசிசின் உடைமையாயிற்று. பழைய காப்புரிமையை வைத்திருந்ததும் இதே ஸ்ட்ரட்டாசிஸ்தான்!

இவ்வகையில் நீல் கேர்ஷன்ஃபெல்ட்டின் ‘ஃபாப்’ (2005) கூடுதல் நேர்மையுடையதெனத் தோன்றுகிறது. தொழில்நுட்ப மயக்கம் அவரிடமும் உண்டு. எனினும் அவர் காட்டும் கூடங்கள் கானாவின் தக்கொராடியிலும், மகாராட்டிரத்துப் பாபல் கிராமத்திலும், செம்மறிகளைத் தேடியலைந்த நோர்வே இடையரிடையேயும் அமைந்தவை. அங்கு இயந்திரம் பொதுவில் நின்றது. எதனைச் செய்வதென்பதை அவ்வூராரின் தேவை தீர்மானித்தது. அக்கூடங்கள் அமெரிக்க அரசின் ஆய்வு நிதியைச் சார்ந்தே தொடங்கின என்பதும் உண்மை. அந்நிதி நின்றபின் அவற்றை எவர் நடத்துவர் என்ற வினாவை அவரது நூலும் முழுமையாக ஆராயவில்லை.