வண்டு தனியாகப் பறக்கவில்லை

புனே விமான் நகரில் எங்கள் சொசைட்டியின் கணபதி விழாவில் இந்த வருடமும் கீபோர்டு வாசித்த பிள்ளைக்குத்தான் முதல் பரிசு. "என்ன வேகம்!" என்றார் பரிசு கொடுத்தவர். 2019இல் லிடியன் நாதஸ்வரம் அமெரிக்கத் தொலைக்காட்சிப் போட்டியில் பியானோ வாசித்துப் பத்து லட்சம் டாலர் வென்றதிலிருந்து இங்குள்ள தமிழ் வீடுகளில் இதே பேச்சு.

அவருடைய உழைப்பும் விரல் சுத்தமும் அபாரம். பிறகு இசையமைப்பாளராகவும் வளர்ந்துவிட்டார். என் சண்டை நம்முடைய கைத்தட்டலோடுதான்.

அந்தப் போட்டியில் லிடியன் வாசித்தது ரிம்ஸ்கி-கோர்சகோவின் வண்டு இசை. நிமிடத்துக்கு 208 அடி, அடுத்து 325 அடி. அது பியானோவுக்கு எழுதியதே அல்ல. 1900இல் மேடையேறிய ஜார் சல்தான் ஆபராவில் ஆர்கெஸ்ட்ராவுக்காக எழுதியது. வயலின் விட்ட இடத்தில் புல்லாங்குழல் பிடிக்கும், கிளாரினெட் வாங்கிக்கொள்ளும். அந்தக் கைமாற்றத்தில்தான் வண்டு பறக்கிறது. நாமோ அதை உதறிவிட்டு வேகத்தை மட்டும் வீட்டுக்குக் கொண்டுவந்தோம்.

விழா முடிந்ததும் பியானோத் தேர்வில் ஐந்தாம் கிரேடு தேறிய இரண்டு பிள்ளைகளை ஒரே கீபோர்டில் நாலு கையாக வாசிக்கச் சொன்னேன். நாலாவது வரிக்குள் பெரியவள் முந்திவிட்டாள். சின்னவன் நிமிரவே இல்லை. தாளைப் பார்த்தபடி தன் பங்கைத் தனியாக வாசித்து முடித்தான். பிள்ளைகளைச் சொல்லிக் குற்றமில்லை. இன்னொருவரோடு ஒருமுறைகூடச் சேர்ந்து வாசிக்காமல் எட்டு கிரேடும் முடித்துவிடலாம் என்கிறபோது யார் கேட்கக் கற்பார்கள்?

பக்கத்து மும்பையில் பிறந்த கண்டக்டர் ஜுபின் மேத்தா, அப்பா மெஹ்லி மேத்தாவின் சிம்பொனி ஒத்திகைகளைக் கேட்டு வளர்ந்தவர். 1954இல் வியன்னா போய் டபுள் பேஸ் கற்றார். பெரிய கண்டக்டர்கள் ஒத்திகை நடத்துவதைக் கிட்டத்தில் பார்ப்பதற்காகவே நண்பர் கிளாடியோ அபாடோவுடன் பாடகர் குழுவில் சேர்ந்தார். எழுபது எண்பது பேரின் மூச்சைக் காதில் வாங்கத் தெரியாதவர், எத்தனை வேகமாக வாசித்தாலும், கண்டக்டர் ஆக முடியாது. இளையராஜாவின் சிம்பொனிகூட 2025 மார்ச் 8 அன்று லண்டனில், ராயல் ஃபில்ஹார்மானிக் கலைஞர்கள் வாசிக்க, மிக்கேல் டாம்ஸ் நடத்தித்தான் அரங்கேறியது. விரல்களை வளர்த்த நாம் குழுக்களை வளர்க்கவில்லை.

அடுத்த கணபதிக்கு நாலு கை வாசிப்புக்கும் ஒரு பரிசு வையுங்கள். ஒத்திகைக்கு என் வீட்டுப் பியானோ இருக்கிறது.