எலும்பும் மருந்தும்: பி. சி. ராயின் தன்வரலாறு

ரூபாய் 700 முதலீட்டில் ஒரு மருந்துத் தொழிற்சாலையைத் தோற்றுவித்தவர் ஆச்சாரிய பிரபுல்ல சந்திர ராய் என்று படிக்கிறோம். செய்தி உண்மையே. ஆனால் அதை மட்டும் சொல்லி நிறுத்தினால், மன உறுதி ஒன்றே போதும் என்ற தவறான பாடம் மாணவர் மனத்தில் பதிந்துவிடும். 1932-இல் ராய் ஆங்கிலத்தில் வெளியிட்ட ‘ஒரு வங்காள வேதியியலாரின் வாழ்வும் அனுபவங்களும்’ என்னும் நூலே இதற்கு மறுப்பு.

1861-இல் பிறந்த ராய், எடின்பரோவில் டி.எஸ்சி. பட்டம் பெற்றுத் திரும்பி, 1889-இல் கல்கத்தா பிரசிடென்சி கல்லூரியில் மாதம் ரூ. 250 ஊதியத்தில் ஆசிரியரானார். 1892-இல் தம் வாடகை வீட்டிலேயே மருந்து செய்யத் தொடங்கினார். கல்லூரி வேலையை அவர் விட்டுவிடவில்லை என்பதைக் கவனிக்க வேண்டும்.

நூலின் சிறந்த பகுதி எலும்பைப் பற்றியது. இறைச்சிக் கடைகளில் மூட்டை மூட்டையாக வாங்கிய எலும்பை மாடியில் உலர்த்தினார். மழை பெய்தது, எலும்பில் ஒட்டியிருந்த தசை அழுகியது, நாற்றம் பொறுக்காமல் அண்டை வீட்டார் முறையிட்டனர். பிறகு மாணிக்தலாவில் எலும்பை எரித்துச் சாம்பலாக்கினார். அச்சாம்பலில் பெரும்பகுதி கால்சியம் பாஸ்பேட். அது நீரில் கரையாது. கந்தக அமிலம் சேர்த்தால் கரையக்கூடிய சூப்பர் பாஸ்பேட் ஆகும். அதனுடன் சோடாவைச் சேர்த்தால் மருந்துக்கு வேண்டிய சோடியம் பாஸ்பேட் கிடைக்கும். பாடப்புத்தகத்தில் இரண்டு சமன்பாடுகளில் முடிந்துவிடும் வேலைதான். நடைமுறையில் எத்தனை இடையூறுகள்!

மருந்தைச் செய்தால் போதுமா? மருத்துவர்கள் நம்ப வேண்டும். அந்த நம்பிக்கையைத் தேடித் தந்தவர் நண்பர் டாக்டர் அமூல்ய சரண் போஸ். ஆடாதொடை, நிலவேம்பு, குடசப்பாலை, ஓமம் ஆகிய நாட்டுச் சரக்குகள் புட்டிகளில் அடைத்த மருந்துகளாக வெளிவந்ததிலும் அவருக்குப் பங்குண்டு. நம் ஊர் வேலியோரம் வளரும் ஆடாதொடைதான் வங்காளத்தின் ‘வாசக’ மருந்து!

இதற்குக் கொடுத்த விலை பெரிது. சதீஷ் சந்திர சின்ஹா என்னும் இளம் வேதியியலார் ஆய்வுக்கூடத்தில் ஹைட்ரோசயனிக் அமிலத்துக்குப் பலியானார். உயிரணுக்கள் ஆக்சிஜனைப் பயன்படுத்த முடியாமல் தடுத்துவிடும் கொடிய நஞ்சு அது. 1898-இல் அமூல்ய சரண் போஸைப் பிளேக் நோய் கொண்டு சென்றது. ரூ. 700 கதையில் இவ்விருவரும் இடம்பெறுவதே இல்லை.

நூலில் குறைகளும் உண்டு. பட்ட மோகத்தையும் உத்தியோக ஆசையையும் சாடும் பக்கங்கள் கூறியதையே திரும்பக் கூறுகின்றன. மாதச் சம்பளம் ராய்க்கே துணை நின்றது. அத்துணையற்ற இளைஞன் தொழிலில் இறங்கத் தயங்கினால் அதைச் சோம்பல் என்று தள்ளிவிட முடியுமா? மருந்தின் தூய்மையை எவ்வாறு சோதித்தார்கள் என்பதை இன்னும் விரித்து எழுதியிருந்தால், மாணவர்க்கு அதுவே பெரும்பயன் தந்திருக்கும். சுதேசி என்பதனால் ஒரு மருந்து நல்ல மருந்தாகிவிடாது. தரம்தான் அதை நல்லதாக்குகிறது.

காரைக்குடியில் மத்திய மின்வேதியியல் ஆராய்ச்சி நிலையத்திற்கு 1948-இல் அடிக்கல் நாட்டப்பட்டது. அதற்கு அழகப்பச் செட்டியார் 300 ஏக்கர் நிலமும் ரூ. 15 லட்சமும் வழங்கினார். அறிவுக்கு இடமும் பொருளும் துணைவரும் தேவை. மாடியில் எலும்பு உலர்த்திய ராயின் வரலாறும் அதையே கூறுகிறது. அவரை வணங்குவதோடு நில்லாமல், மாணவர்கள் இந்நூலைப் படிக்கவும் வேண்டும்.