ஓம்புரிக்குக் கொடுக்காத வசனம்

சேரி இளைஞர்களுக்கான முகாம் ஒன்றில், வேட்டியைத் திரையாகக் கட்டி ‘ஆக்ரோஷ்’ போட்டுக் காட்டினோம். 1980இல் கோவிந்த் நிஹலானி எடுத்த இந்திப் படம். பெண்டாட்டியைக் கொன்றதாகப் பழி சுமத்தப்பட்ட ஆதிவாசி லஹான்யா பிக்குவாக ஓம்புரி. வக்கீல் குல்கர்னி கெஞ்சிப் பார்க்கிறார். அவன் வாயைத் திறப்பதில்லை. பின்னால் உட்கார்ந்திருந்த ஒரு அக்கா கேட்டுச்சு: “ஏந்தம்பி, இவனப் பேசவே விடமாட்டாங்களா?”

பேசமாட்டானா என்று கேட்கவில்லை. பேச விடமாட்டார்களா என்றுதான் கேட்டது.

பேசுகிற ஆதிவாசியும் அதே படத்தில் உண்டு: அரசு வக்கீல் துசானே. அவர் பேசுவதெல்லாம் லஹான்யாவுக்கு எதிராக. மௌனமே எதிர்ப்பு என்று விமர்சகர்கள் சிலாகிக்கலாம். கடைசியில் அந்த மௌனம் உடைகிறபோது கோடாலி யார்மேல் இறங்குகிறது? சொந்தத் தங்கச்சிமேல். படம் கவலைப்படுவது குல்கர்னியின் மனசாட்சியைப் பற்றி.

1981இல் சத்யஜித் ராய் தூர்தர்ஷனுக்காக எடுத்த ‘சத்கதி’யில் ஓம்புரி துக்கி என்கிற சமார். மகள் நிச்சயத்துக்கு நாள் குறிக்கப் பார்ப்பானைக் கூப்பிடப் போனவன், வெறும் வயிற்றோடு முடிச்சு விழுந்த கட்டையைப் பிளக்கிறான். அந்த இடத்தில் ஓம்புரியைக் குறை சொல்ல எனக்கு மனசு வராது. கோடாலி கட்டையில் மாட்டிக்கொள்வது, மூச்சு இரைப்பது, கடைசி வெறி - நம் அப்பன்களின் முதுகைப் பார்த்த மாதிரி இருக்கும். ஆனால் பிணத்தைத் தூக்காதீர்கள் என்று சேரிக்கு வந்து சொல்பவன் ஒரு கோண்டு. பிரேம்சந்த் எழுதியதும் அப்படித்தான். சமார்களுக்குள் அதைச் சொல்ல ஒருத்தன்கூடவா இல்லை?

1983இல் ‘அர்த் சத்யா’. அதே நிஹலானி, அதே ஓம்புரி, இப்போது சப்-இன்ஸ்பெக்டர் வேலங்கர். காதலி நீட்டுகிற திலீப் சித்ரேயின் கவிதையை வாசிக்கிறான். என்ன குரல்! தேசிய விருதும் கிடைத்தது. அதிகாரிக்குக் கோபம் வந்தால் கவிதை, ஆதிவாசிக்கு வந்தால் ஊமை. அம்மைத் தழும்பு முகத்தை நாயகனாக்கிய மாற்று சினிமாவுக்கு, அந்த வாயில் எதை வைப்பது என்பதில் மட்டும் சாதி தெரிந்திருக்கிறது.

2013இல் வந்த ‘ஃபன்ட்ரி’யில் பன்றி பிடிக்கிற குடும்பத்துப் பையன் ஜப்யா, கேலி செய்கிறவர்கள்மேல் கல்லெறிகிறான். கல் நேராகக் கேமராவை நோக்கி வருகிறது. எடுத்தவர் ஒடுக்கப்பட்ட சாதியிலிருந்து வந்த நாக்ராஜ் மஞ்சுளே. அப்போது ஓம்புரிக்கு அறுபது தாண்டியிருந்தது. 2017 ஜனவரியில் செத்துப்போனார்.