ஆட்டக்காரர் பேசுகிறார்

ஆடத் தெரிந்தவருக்கு ஆட்டத்தைச் சொல்லவும் தெரியும் என்று நாம் சுலபத்தில் நம்பிவிடுகிறோம். எங்கள் ஆம்பூர்ப் பக்கத்தில், தோலைத் தடவிப் பார்த்த மாத்திரத்தில் தரம் பிரித்துவிடுகிற பெரியவர்கள் இருக்கிறார்கள். எப்படி என்று கேட்டால், "கைக்குத் தெரியுது சார்" என்பார்கள். அதற்கு மேல் ஒரு வார்த்தை வராது. கை அறிந்ததை வாய் சொல்வது தனி வித்தை.

ரேடியோவில் தமிழ்க் கிரிக்கெட் வர்ணனைக்குப் பெயர் பெற்றவர், 2020-ல் காலமான சாத்தான்குளம் அப்துல் ஜப்பார். அவர் பந்தால் பெயர் எடுத்தவரல்ல. வானொலி நாடகங்களில் பழகிய குரல். கேட்கிறவனுக்கு மைதானம் தெரியாது என்பதை அவர் மறந்ததே இல்லை. டெலிவிஷனில் அந்தக் கவலை இல்லை. 2017-ல் ஸ்டார் நிறுவனம் தமிழுக்கென்று விளையாட்டுச் சானல் தொடங்கிய பிறகு, பழைய ஆட்டக்காரர்கள் வரிசையாக வந்து உட்கார்ந்தார்கள்.

ஸ்ரீகாந்தை எல்லோருக்கும் பிடிக்கும். 1983 உலகக் கோப்பை இறுதி ஆட்டத்தில் அவர் எடுத்த 38 ஓட்டங்கள்தான் இரு தரப்பிலும் அதிகம். அன்று ஆடிய மாதிரியே இன்று பேசுகிறார்: முன்யோசனை கிடையாது, பயமும் கிடையாது. கல்யாண வீட்டுக்கு வந்த மாமா மாதிரி, அவர் இருந்தால் கலகலப்பு. ஆனால் மூன்று மணி நேரமும் மாமாவே பேசினால்?

என் ஓட்டு பத்ரிநாத்துக்கு. முதல்தர ஆட்டங்களில் 10,000-க்கு மேல் ஓட்டங்கள் குவித்த அந்த மனிதருக்குக் கிடைத்தது இரண்டே இரண்டு டெஸ்ட், அதுவும் 2010-ல் தென்னாப்பிரிக்காவுக்கு எதிராக. முதல் இன்னிங்ஸில் அரைச் சதம் அடித்தும் கதவு சாத்திக்கொண்டது. வாய்ப்புக்குக் காத்திருக்கும் பையனைப் பற்றி அவர் பேசும்போது நான் காதைத் தீட்டிக்கொள்கிறேன். நாவல் எழுதுகிறவனுக்கு ஜெயித்தவன் கதையைவிட அதில்தான் சரக்கு அதிகம்.

ஆனால் ஒரு விஷயம் என்னை உறுத்துகிறது. 2016-ல் ஹர்ஷா போக்ளே, 2020 மார்ச்சில் சஞ்சய் மஞ்ச்ரேக்கர் என்று இருவரைக் கிரிக்கெட் வாரியம் தன் வர்ணனையாளர் பட்டியலிலிருந்து எடுத்தது. இருவரும் பின்னர் திரும்பினார்கள் என்பது வேறு. ஆட்டத்தை நடத்துகிறவரே சொல்கிறவரையும் நியமித்தால், சாப்பாட்டில் உப்பு இல்லை என்று விருந்தாளி எப்படிச் சொல்வார்? "மோசமான ஷாட்" என்ற இரண்டு வார்த்தைக்காக நான் பல மாலைகள் காத்திருந்ததுண்டு. "துரதிருஷ்டம்" என்றுதான் வந்தது. துரதிருஷ்டமாவது! பந்தைப் பார்க்காமல் வீசினான் ஐயா!

ஹாக்கிக்கு இது இன்னும் கஷ்டம். பந்து போகிற வேகத்தில் வாக்கியம் முடிவதற்குள் கோல் விழுந்துவிடும். 1980-ல் மாஸ்கோவில் ஸ்பெயினை 4-3 என்று வென்று தங்கம் கொண்டு வந்த அணியின் தலைவர் நம் பாஸ்கரன். அந்தக் கடைசி நிமிஷங்களை, படத்தை நிறுத்தி நிறுத்தி, அவர் தமிழில் சொல்லிக் கேட்க வேண்டும். யார் எங்கே தவறினார்கள் என்பதையும் சேர்த்துத்தான்.