தட்டு மாற்றாத சம்பந்திகள்

மதுரையில் திருமலை நாயக்கர் மகாலைப் பார்க்க வருகிறவர்கள், 1636-இல் எழுந்த அந்தப் பெருந்தூண்களை அண்ணாந்து நோக்கி வியந்த பிறகு, ‘கண்ணாளனே’ பாட்டைப் படம் பிடித்தது இங்கேதானே என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொள்வதைப் பலமுறை செவியுற்றிருக்கிறேன். மதுரையில் பிறந்த மணிரத்னம் 1995-இல் தந்த ‘பம்பாய்’ படத்தை, சேகர், ஷைலா பானு என்ற காதலர் இருவரின் கதையாகவே ஜனங்கள் நினைவில் வைத்திருக்கிறார்கள். அரவிந்த்சாமியின் நிதானத்துக்கும், ரோகிணியின் குரலை இரவல் பெற்ற மனீஷா கொய்ராலாவின் கண்களுக்கும் அந்தக் கீர்த்தி தகும். எனினும், ஆட்டத்தின் போக்கை ஊன்றிக் கவனிப்பவனுக்கு, களத்தில் மெய்யாக மோதியவர்கள் பையனைப் பெற்ற நாராயண பிள்ளையும் பெண்ணைப் பெற்ற பஷீர் அகமதுமே என்பது புலப்படாமற் போகாது.

பிறப்பால் முஸ்லிமான நாசருக்கு இந்துத் தகப்பனின் வேடத்தையும், இந்துவான கிட்டிக்கு முஸ்லிம் தகப்பனின் வேடத்தையும் கொடுத்ததை வெறும் யுக்தி என்று ஒதுக்கிவிடலாகாது. சொந்த மதத்தை நடிக்கிறவனுக்குப் பழக்கமே பாதி வேலையைச் செய்துவிடும். அயலானுடைய ஆசாரத்தை நடிக்கிறவனோ அதை அருகிருந்து பார்த்துக் கற்றாக வேண்டும். 1992-இல் ‘தேவர் மகன்’ மாயத்தேவராக வந்து மதுரைச் சீமையைப் பல்லைக் கடிக்க வைத்த நாசர், இங்கே அந்தக் குரோதத்தைக் கௌரவப் பித்தாகக் குறுக்கிக்கொண்டு, சடுகுடுவில் மூச்சடக்கிப் பாடிப் போகிறவனைப் போல எதிராளியின் எல்லைக்குள் வலியச் சென்று சீண்டுகிறார். செங்கல் சுட்டுப் பிழைக்கும் மானியாகிய கிட்டி, பட்ட அவமானத்தை முகத்தில் தேக்கி வைத்துப் பிடிக்கக் காத்திருக்கிறார்.

1992 டிசம்பர்க் கலவரத்துக்குப் பின், பெற்ற மனம் கேளாமல் இருவரும், வீட்டை எதிர்த்து மணந்துகொண்ட பிள்ளைகளைத் தேடிப் பம்பாய்க்கு வந்து, கபீர் நாராயண், கமல் பஷீர் என்று தத்தம் பெயரைச் சுமந்த இரட்டைப் பேரன்களைக் கண்ட நொடியில் ஆட்டம் திசை மாறுகிறது. பழைய பகை பேரன்களைத் தம் பக்கம் இழுத்துக்கொள்ளும் போட்டியாகச் சுருங்க, தட்டு மாற்றி நிச்சயம் செய்யாத இந்த விவாகத்துக்கு அந்தச் சண்டையே சம்மதமாகிறது.

குறையும் உண்டு. ஜனவரிக் கலவரத்தின் தீயில் இரு தாத்தாக்களையும் டைரக்டர் பலி கொடுத்துவிடவே, சிறந்த ஆட்டக்காரர் இருவரும் வெளியேறிய களம் போலாகி, படம் மனிதச் சங்கிலி என்னும் உபதேசத்தில் முடிகிறது. தேசிய ஒருமைப்பாட்டுக்கான நர்கிஸ் தத் விருது அதற்குக் கிடைத்தது நியாயமே. ஆயினும், கைகோத்து நின்ற கூட்டத்தைக் காட்டிலும் அந்தக் கிழவர்களின் வீம்பில்தான் ஒருமைப்பாடு எனக்கு விளங்கிற்று. இன்றும் நம்மூர்க் கல்யாணப் பந்தியில், முகங்கொடுத்துப் பேசாமல் அடுத்தடுத்த இலையில் அமர்ந்து, பேரனுக்கு யார் முதலில் ஊட்டுவது என்று ஓரக்கண்ணால் பார்த்துக்கொள்ளும் சம்பந்திகளைக் கண்டால், நாசரும் கிட்டியுமே நினைவுக்கு வருகிறார்கள்.